பொட்டு வைத்த பிப்பெட்

ஷாமிளாவுக்குக் கைராசி என்று முதன்முதலில் சொன்ன வாய் எந்த வாயோ, அது புழுத்துப் போக வேண்டும் என்று சரோன் எத்தனையோ தடவை சபித்திருக்கிறாள். சபித்த பாவத்துக்கு முழங்காலில் நின்று ஜெபமும் பண்ணியிருக்கிறாள். எழுந்து முழங்காலைத் தட்டிவிடுவதற்குள் அடுத்த சாபம் வந்துவிடும். சும்மா சொல்லக் கூடாது, இரண்டையும் மனசாரத்தான் செய்தாள்.

இருவரும் தெரணியகலைப் பக்கத்து ரப்பர் தோட்டம் ஒன்றில் ஒரே லயத்து வரிசை வீடுகளில் பிறந்தவர்கள். இரண்டு அப்பாமாரும் பால் வெட்டுகிறவர்கள். காடு திருத்தி நட்ட புதுக் கிளியரிங்கில் மரங்கள் வெட்டுக்குத் தயாரானால், முதல் மரத்தில் ஒரு சின்னப் பிள்ளையின் கையைப் பிடித்துக் கத்தி வைக்கச் சொல்வது அந்தத் தோட்டத்து வழக்கம். சரோன் புதுச் சட்டை போட்டுக்கொண்டு முன்னால் போய் நின்றாள். கங்காணி அவளைத் தாண்டிப் போய் பழனியாண்டியின் மகள் ஷாமிளாவின் கையைப் பிடித்தார். பால் வடிந்து சிரட்டை நிறைந்தது. ரப்பர் மரத்தை வெட்டினால் பால் வராமல் மோரா வரும்? ஆனால் அன்றிலிருந்து தோட்டம் முழுக்க ஒரே பேச்சு. கன்று நடுவதா, ஷாமிளாவைக் கூப்பிடு. கடையில் போனி பண்ணுவதா, ஷாமிளாவை அனுப்பு. அதெல்லாம்கூடப் போகட்டும். சரோனைப் பெற்ற மரியாயியே அடைக்கோழிக்கு முட்டை வைக்க அந்த வீட்டுக்குப் போய் ஷாமிளாவைக் கூட்டிக்கொண்டு வந்தாள். பெற்ற மகள் கதவில் சாய்ந்தபடி பார்த்துக்கொண்டிருந்தாள். முட்டை அத்தனையும் பொரித்தது. அந்தக் குஞ்சுகள் கோழியாகிக் குழம்பாகிற வரைக்கும் சரோனுக்கு வயிறு எரிந்தது.

படித்துத் தோட்டத்தைவிட்டு வெளியே போனால் இந்தத் தொல்லை ஒழியும் என்று நினைத்தாள். ஒழிந்ததா? பெல்மதுளையில் ஒரு தோட்டக் கம்பெனி சின்னதாக லேப் ஒன்று திறந்து, உயிரியல் படித்த பிள்ளைகள் இரண்டு பேர் வேண்டும் என்றது. ஒருத்தி சரோன். மற்றவள் யாராக இருப்பாள் என்று நினைக்கிறீர்கள்? ஒரே லேப், ஒரே போடிங் வீட்டில் ஒரே அறை, அறையில் ஒரே கண்ணாடி. காலையில் ஷாமிளா கண்ணாடியைப் பார்த்துப் பொட்டு ஒட்டி முடிக்கும்வரை சரோன் சீப்பைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருக்க வேண்டும்.

இருவரும் தற்காலிகம்தான். வருஷக் கடைசியில் ஒருத்தியைத்தான் நிரந்தரமாக வைத்துக்கொள்வார்கள் என்று லேப்புக்குப் பொறுப்பான றிஸ்மியா மிஸ் முதல் வாரமே சொல்லிவிட்டார். மற்றவள் பெட்டியைக் கட்டிக்கொண்டு லயத்துக்குத் திரும்ப வேண்டியதுதான். அந்த வேலை தனக்கு வேண்டும் என்று சரோன் நினைத்தாள். அதைவிட, அது ஷாமிளாவுக்குக் கிடைக்கக் கூடாது என்று நினைத்தாள்.

வேலை இதுதான். பிசிஆர் என்றதும் கொரோனாக் காலத்தில் மூக்கில் குச்சி விட்டதுதான் எல்லாருக்கும் ஞாபகம் வரும். அதே பிசிஆர்தான், இங்கே மூக்குக்குப் பதில் ரப்பர் இலை. நல்ல ரகம் என்று சொல்லி நர்சரிக்காரர்கள் விற்கிற கன்று உண்மையிலேயே அந்த ரகம்தானா என்று பார்க்க வேண்டும். இலையை அரைத்து, மருந்தில் கழுவி, அதிலிருந்து டிஎன்ஏயைப் பிரித்தெடுப்பார்கள். அதற்கு டெம்ப்ளேட் என்று பெயர். எதைப் பார்த்து நகல் எடுக்க வேண்டுமோ, அந்த மூலம். மெஷின் சொந்தமாக எதையும் உண்டாக்காது. டியூபுக்குள் விழுந்ததைப் பார்த்து, அதையே கோடிக்கணக்கில் பெருக்கிக் கொடுக்கும். நல்ல டெம்ப்ளேட் விழுந்தால் நல்லது பெருகும், வேண்டாதது ஒரு துளி விழுந்தாலும் அதையும் சளைக்காமல் பெருக்கும்.

பெருகியதை ஒரு ஜெல்லின் குழிகளில் விட்டுக் கரண்ட் கொடுப்பார்கள். அந்த ஜெல்லைப் பார்த்து நோன்புக்கு வீட்டில் செய்கிற கடல்பாசி மாதிரியே இருக்கிறது என்று மிஸ் சிரிப்பார். விளக்கை அணைத்து நீல ஒளியில் பார்த்தால் ஒவ்வொரு ரகமும் தனக்கென்று உள்ள இடத்தில் கோடாக நிற்கும். கடைசி வரிசை எப்போதும் வெறுந்தண்ணீருக்கு. அந்த டியூபில் மற்ற எல்லாம் இருக்கும், டெம்ப்ளேட் மட்டும் இருக்காது. ஆகவே அந்த வரிசை கறுப்பாகக் கிடக்க வேண்டும். அதில் கோடு விழுந்தால் எங்கேயோ அழுக்குப் பட்டிருக்கிறது என்று அர்த்தம். அப்புறம் அந்த ஜெல்லில் எதையும் நம்ப முடியாது.

ஷாமிளா ஓட்டுகிற ஜெல்லில் கோடுகள் பளீரென்று வரும். மிஸ் விளக்கைப் போடுமுன்பே, "இது யாரு ஓட்டினது?" என்று கேட்பார். "நான்தான் மிஸ்" என்பாள் ஷாமிளா. அந்த இரண்டு வார்த்தையையும் அவள் சொல்கிற விதம் இருக்கிறதே, பெருமையும் இல்லாமல் அடக்கமும் இல்லாமல், சோறு தின்றாயா என்று கேட்டதற்குத் தின்றேன் என்று சொல்கிற மாதிரி. அதைக் கேட்டால் சரோனுக்குக் காதில் புகை வரும்.

சரோனுடைய ஜெல்லிலோ ஒன்றும் வராது. வந்தாலும் மங்கலாக, புகை படிந்த மாதிரி ஒரு தீற்றல். இத்தனைக்கும் அவள் குறை வைக்கிறவள் இல்லை. அப்பா தேவதாசன் வாளி தளும்பத் தளும்பப் பால் கொண்டுவந்து நிறுக்கிறவர். குறையக் கொண்டுபோனால் குறையத்தான் பேர் போட்டுச் சம்பளம் தருவார்கள் என்பது அவர் வீட்டுப் பாடம். மகளும் அதையே செய்தாள். கோடு மங்கலாக வந்தால் அடுத்த தடவை இலையைக் கூட அரைத்தாள். அப்படியும் வராவிட்டால் டெம்ப்ளேட்டை இன்னும் கூட்டி விட்டாள். கூட்டக் கூட்ட, வந்த தீற்றலும் போயிற்று.

லேப்பில் சாமான் ஏற்றி இறக்குவது, வேன் ஓட்டுவது எல்லாம் ரெஜினோல்ட் அண்ணன். அவரும் ஒருநாள் இலைப் பையைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, இதை ஷாமிளாப் புள்ள கையால செய்யச் சொல்லுங்க மிஸ், அதுக்குத்தான் கைராசி என்றார். பாருங்கள், கழுதை இங்கேயும் வந்துவிட்டது. தெரணியகலையிலிருந்து பெல்மதுளை வரை பஸ் மாறி மாறி அந்தச் சொல் சரோனின் பின்னாலேயே வந்திருக்கிறது.

அன்றைக்குத்தான் அவளும் அதை நம்பத் தொடங்கினாள். படித்த பிள்ளை, டிஎன்ஏயின் படத்தைக் கண்ணை மூடிக்கொண்டு வரையக்கூடியவள், கைராசியை நம்பினாள். எல்லாம் ஒரே மாதிரி செய்கிறோம், ஒரே மருந்து, ஒரே மெஷின், பிறகு வேறு என்னதான் காரணம் என்று அவள் கேட்டால் நீங்கள் என்ன பதில் சொல்லியிருப்பீர்கள்?

துளித் துளியாக உறிஞ்சி விடுகிற பிப்பெட் என்ற கருவி அங்கே ஆளுக்கு இரண்டு. ஒன்று டெம்ப்ளேட்டுக்கு மட்டும். மற்றது தண்ணீருக்கும் மருந்துக் கலவைக்கும், அதில் டெம்ப்ளேட் பட்டுவிடக் கூடாது. ஷாமிளா தன்னுடைய தண்ணீர்ப் பிப்பெட்டில் அடையாளத்துக்காக ஒரு சிவப்பு ஸ்டிக்கர் பொட்டை ஒட்டியிருந்தாள். கோவில் திருவிழாவுக்கென்று அவள் தோட்டத்துக்குப் போயிருந்த வெள்ளிக்கிழமை, அந்தப் பொட்டு சரோனையே பார்த்துக்கொண்டிருந்தது. ராசி எங்கேயாவது ஒட்டிக்கொண்டிருந்தால் அது அங்கேதான் இருக்கும் என்று அவளுக்குப் பட்டது. அதில் டெம்ப்ளேட் தொடக் கூடாது என்று அவளுக்குத் தெரியாதா? தெரியும். நுனியில் புது டிப் மாட்டத்தானே போகிறோம், உள்ளே என்ன ஆகிவிடும் என்று நினைத்தாள். உள்ளே பஞ்சு வைத்த டிப் வெளிநாட்டிலிருந்து வராமல் நின்று மாதக்கணக்காகிவிட்டது, இருந்தது பஞ்சில்லாத சாதா டிப். உறிஞ்சுகிற வேகத்தில் கண்ணுக்குத் தெரியாத தூறல் மேலே தெறித்தால் பிப்பெட்டின் வயிற்றுக்குள்ளேயே போய் ஒட்டும்.

அன்று அவள் கையில் இருந்தது தான் பிறந்த தோட்டத்துப் பழைய மரங்களின் இலை. அந்த மரங்களுக்கு மட்டும் ஒரு கோடு அல்ல, அக்காள் தங்கை மாதிரி ஒட்டிய இரட்டைக் கோடு. மிஸ் அதை முழுக்க அவளிடமே கொடுத்திருந்தார். பொட்டு வைத்த பிப்பெட்டை எடுத்தாள். அதன் அளவு மிகக் குறைவாக வைக்கப்பட்டிருந்தது. திருப்பிக் கூட்டினால் ஷாமிளா கண்டுபிடித்துவிடுவாளே என்று அப்படியே விட்டாள். வழக்கமாக அவள் விடுகிறதில் கால்வாசிகூட இருக்காது. இவ்வளவு கொஞ்சமா என்று பயந்துகொண்டே கர்த்தரை நினைத்து விட்டாள்.

கோடுகள் பளீரென்று வந்தன. கடைசித் தண்ணீர் வரிசை தவிர எல்லா வரிசையிலும் இரட்டை இரட்டையாக.

"இது யாரு ஓட்டினது?" என்றார் மிஸ்.

"நான்தான் மிஸ்," என்றாள் சரோன். மிஸ் அவள் தோளைத் தட்டிக்கொடுத்தார். அன்று முழுக்க அவள் கால் தரையில் படவில்லை. போடிங் அறைக் கண்ணாடியில் தன் கையைப் பார்த்தாள், கையைப் பார்க்கக் கண்ணாடி எதற்கு என்றுகூடத் தோன்றவில்லை.

திங்கட்கிழமை ஷாமிளா திரும்பினாள். வருஷக் கடைசியாகிவிட்ட அந்த வாரம் அவளிடம் வந்தது பெரிய வேலை. கம்பெனி ஒரு மலை முழுக்க நடப்போகிற கன்றுகள். அந்த முடிவை வைத்துத்தான் நிரந்தரம் யாருக்கு என்று எழுதி அனுப்பப் போவதாக மிஸ் வெளிப்படையாகவே சொன்னார். இலையை அரைத்ததும் ஷாமிளாதான், கலந்ததும் அவள்தான். தண்ணீரை அந்தப் பொட்டுப் பிப்பெட்டால்தான் விட்டாள்.

விளக்கை அணைத்ததும் மிஸ் ஒன்றும் கேட்கவில்லை. அதிலிருந்தே எல்லாருக்கும் விளங்கிவிட்டது. கன்றுகளின் கோடுகள் வழக்கம்போலப் பளீரென்று நின்றன. ஆனால் கடைசி வரிசையில், கறுப்பாகக் கிடக்க வேண்டிய வெறுந்தண்ணீரில், மெல்லியதாக இரண்டு கோடுகள். ஒட்டிய இரண்டு கோடுகள். தண்ணீரிலேயே கோடு விழுந்தால் மற்றதை எப்படி நம்புவது என்று மிஸ் மெதுவாகச் சொன்னார். கம்பெனிக்குப் பதில் சொல்ல நாளை மறுநாள்தான் கடைசி என்றார். பிறகு சரோனைப் பார்த்து, போன கிழமை ஓட்டின மாதிரியே கவனமாக இருந்தால் உன் பெயரைத்தான் அனுப்ப வேண்டி வரும் என்றார்.

சரோனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அதே நொடியில், அந்த இரண்டு கோடுகளும் யாருடையவை என்பதும் புரிந்தது. பெற்ற பிள்ளையின் முகத்தைத் தாய் மறப்பாளா? அவள் அரைத்த இலை, அவள் விட்ட துளி, அவளுடைய தோட்டம், அங்கே ஷாமிளாவின் தண்ணீருக்குள் போய்ப் பெருகி நின்றது.

இதில் இன்னொரு அநியாயத்தைக் கேளுங்கள். ஜெயித்தவள் சரோன். அவளை ஒருத்தரும் ஏனென்று கேட்கவில்லை. ஆபீஸ் அக்காமார் எல்லாரும் ஷாமிளாவைச் சுற்றி நின்றுகொண்டு, அனே பவ் நங்கி, ஐயோ பாவம் தங்கச்சி, அழாத நங்கி என்று சிங்களமும் தமிழுமாக முதுகைத் தடவினார்கள். ரெஜினோல்ட் அண்ணன் சீனியை அள்ளிப் போட்டுப் பிளேன்டீ கொண்டுவந்து அவளுக்குக் கொடுத்தார். தோற்றாலும் அவளுக்குத்தான் தேத்தண்ணி. சரோன் தூரத்தில் நின்று அந்த டம்ளரைப் பார்த்தாள். அதற்கும் பொறாமைப்பட்டாள், வெட்கமில்லாமல்.

சாயங்காலம் போடிங் அறையில் சோற்றுப் பார்சலைப் பிரித்து, கண்ணை மூடி ஜெபம் பண்ணிவிட்டுத் திறந்தால், எதிரே ஷாமிளா பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் பார்சல் பிரிக்கப்படவில்லை.

"அந்த ரெட்டைக் கோடு நம்ம தோட்டத்து எலை, நீ வெள்ளிக்கிழமை ஓட்டுன ஜெல் படத்துல பாத்தேன்," என்றாள். "அத அரைச்சது நீ மட்டுந்தான். என் பொட்டு பிப்பெட்ட நீ எடுத்தியா?"

இல்லை என்று சொல்லத்தான் சரோன் வாயைத் திறந்தாள். "எடுத்தேன்" என்று வந்தது.

"எதுக்குடி?"

"ஒனக்குக் கைராசின்னு எல்லாரும் சொல்றாங்கல்ல. சின்னதுலேருந்து சொல்றாங்க. எங்கம்மாவே சொல்லுது. அதான் ஒரு நாளைக்கு..."

ஷாமிளா சிரித்தாள். சிரிப்பில் சந்தோஷம் துளியும் இல்லை. கைராசியுமில்லை மண்ணாங்கட்டியுமில்லை என்றாள். ரப்பர் இலையில் பிசின் மாதிரி என்னென்னவோ இருக்கிறது, எவ்வளவு கழுவினாலும் டெம்ப்ளேட்டோடு கொஞ்சம் ஒட்டிக்கொண்டே வரும், டெம்ப்ளேட்டை அள்ளிப் போட்டால் அதுவும் அள்ளிக்கொண்டு வந்து வேலையை நிறுத்திவிடும் என்று படபடவென்று சொன்னாள். நீ ஒங்கப்பா பால் நிறுக்கிற மாதிரி தளும்பத் தளும்ப ஊத்துற, நான் தண்ணி கலந்து கொஞ்சமா விடுறேன், அவ்வளவுதான் என்றாள். நீ கேட்டிருந்தால் முதல் நாளே சொல்லியிருப்பேன் என்றும் சொன்னாள்.

கேட்பதா? ஷாமிளாவிடம் போய்க் கேட்பதா? இத்தனை வருஷத்தில் அந்த ஒன்றைத் தவிர எல்லாம் சரோனுக்குத் தோன்றியிருந்தது.

"மிஸ்கிட்ட சொல்லப் போறியா?" என்று சரோன் கேட்டாள்.

"நான் சொன்னா என்னா ஆகும்? ஒரே மேசையில வேல செய்றீங்க, நீதான் கவனமில்லாம பட வெச்சிருப்பன்னு சொல்வாங்க. தோத்தவ பேச்ச யாரு கேப்பா. சொல்றதுன்னா நீதான் சொல்லணும்." ஷாமிளா தன் பார்சலை எடுத்து அலமாரிக்குள் வைத்தாள். "சொல்லாட்டிப் போ. ஜெபம் பண்ணிட்டல்ல, நல்லா தின்னு."

உள்ளதைச் சொன்னால், அந்த வேளையிலும் சரோனுக்கு முதலில் வந்தது வருத்தம் அல்ல, எரிச்சல்தான். திட்டுவதிலும் இவள் எவ்வளவு சரியாகத் திட்டுகிறாள் என்ற எரிச்சல்.

மறுநாள் காலை அவள் மிஸ்ஸிடம் போய்ச் சொன்னாள். ஏன் சொன்னாள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. ஒருவேளை, தன் பெயரில் வருகிற வேலைக்குள்ளேயும் ஷாமிளாவின் பொட்டு ஒட்டிக்கொண்டு வருவதை அவளால் தாங்க முடியாமல் இருந்திருக்கலாம். கைராசியைப் பற்றிச் சொன்னபோது மிஸ் சிரிக்கவில்லை. பொட்டுப் பிப்பெட்டைத் தானே கழற்றிக் கழுவிக் காயவைத்தார். பிறகு சொன்னார்.

"ஷாமிளாட டெம்ப்ளேட்ட வச்சு நீயே திரும்ப ஓட்டு. கெடுத்த கையே ஓட்டட்டும். தண்ணி சுத்தமா வந்தா கன்றுட முடிவும் சரி, வேலையும் ஷாமிளாவுக்குத்தான். திரும்பவும் கோடு விழுந்தா பிழை வேற எங்கயோ இருக்கு, நேத்துச் சொன்னதுதான்."

நேற்றுச் சொன்னது என்றால் சரோனின் பெயர். சொல்லிவிட்டு மிஸ் போன் பேச வெளியே போய்விட்டார். ஷாமிளா மேசைப் பக்கம் வரக் கூடாது என்று மிஸ் சொல்லியிருந்ததால் அவள் வெளியே வாங்குப் பலகையில் உட்கார்ந்திருந்தாள்.

சரோன் தனியாக நின்றாள். ஐஸ் பெட்டியில் ஷாமிளாவின் டியூப்கள் வரிசையாக இருந்தன. ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக சரோனுடைய தெரணியகலை டியூபும் பக்கத்திலேயே இருந்தது. டெம்ப்ளேட்டைக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் விட்டாள், ஷாமிளா சொன்ன அளவில். ஒவ்வொரு டியூபும் நன்றாக அமைவது கைக்கே தெரிந்தது. கடைசியில் தண்ணீர் டியூப் மட்டும் மிச்சம்.

தெரணியகலை டியூபின் மூடி திறந்துதான் கிடந்தது. பிப்பெட்டின் நுனி அதில் ஒருமுறை பட்டால் போதும். உறிஞ்சக்கூட வேண்டாம், பட்டால் போதும், மிச்சத்தை மெஷின் பார்த்துக்கொள்ளும். யாருக்கும் தெரியாது. ஷாமிளாவுக்கும்கூட நிரூபிக்க முடியாது. ஏற்கெனவே உண்மையைச் சொன்னவள்மேல் யார் சந்தேகப்படுவார்கள்? நிரந்தர வேலை, பெல்மதுளையில் தனி அறை, தனிக் கண்ணாடி. அவள் கை ஐஸ் பெட்டிக்கு மேலே நின்றது. கண்ணாடிக் கதவுக்கு வெளியே ரெஜினோல்ட் அண்ணன் ஷாமிளாவுக்கு இன்னொரு டம்ளர் கொண்டுவந்து கொடுத்துக்கொண்டிருந்தார்.

நாசமாய்ப் போக, என்று சரோன் முணுமுணுத்தாள். அது ஷாமிளாவுக்கா, தனக்கா என்று அவள் யோசிக்கவில்லை. தெரணியகலை டியூபின் மூடியை அழுத்தி மூடினாள். புது டிப் மாட்டித் தண்ணீரை எடுத்து, தண்ணீரை மட்டும் விட்டாள்.

ஜெல் ஓடி முடிந்து விளக்கை அணைத்தபோது லேப்பே அந்த அறைக்குள் வந்து நின்றது. கன்றுகளின் கோடுகள் ஒன்றுக்கொன்று பிசகாமல் பளீரென்று எரிந்தன. நான் சொன்னேன்ல, ஷாமிளாப் புள்ளைட கையே கை என்றார் ரெஜினோல்ட் அண்ணன். அக்காமார் ஷாமிளாவைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். சரோனுக்கு வயிறு எரிந்தது, எப்போதும் எரிகிற அதே இடத்தில். அந்த வாரமே பெட்டியைக் கட்ட வேண்டும். அப்பாவுக்கு என்ன பதில் சொல்வது என்று வேறு யோசிக்க வேண்டும்.

மிஸ் மட்டும் கோடுகளைப் பார்க்கவில்லை. குனிந்து கடைசி வரிசையை வெகுநேரம் பார்த்தார். அங்கே ஒன்றுமே இல்லை. தூசிகூட இல்லாத கறுப்பு.

"இந்தத் தண்ணி யாரு விட்டது?" என்றார்.

பழக்கதோஷத்தில் ஷாமிளா வாயைத் திறந்தாள். பிறகு மூடிக்கொண்டு, திரும்பிச் சரோனைப் பார்த்தாள்.

"நான்தான் மிஸ்," என்றாள் சரோன்.